ஐந்து கட்டை

பாலிகிளினிக் கவுண்டரில் உட்கார்ந்திருந்தபோதுதான் முத்தாயிக்கு அந்தச் செய்தி வந்தது. எதிரே ஒரு பெரியவர் இருமிக்கொண்டே நின்றார். அவருக்கு எண் சீட்டு கொடுக்கக்கூட அவளுக்குத் தோன்றவில்லை. பஜனைக் குழுவின் வாட்ஸ்அப்பில் ரத்தினம்மா போட்டிருந்தாள்: ‘இந்த நவராத்திரிக்கு டேங்க் ரோடு கோயிலில் இனியா விருத்தம் பாடுவார். தாயியின் தொண்டைக்கு ஓய்வு தேவை.’ அதற்குக் கீழே கும்பிடு போடும் கைகள் வேறு.

ஓய்வாம்! தொண்டைக்கு ஓய்வாம்! கேட்டாளா இவள்? நேரில் கூப்பிட்டு ஒரு வார்த்தை சொன்னாளா? ஊரே பார்க்கும்படி குழுவில் போட்டுவிட்டுக் கும்பிடு வேறு போடுகிறாள். முத்தாயிக்கு வயிறு பற்றி எரிந்தது. பதிலுக்கு அவளும் ஒரு கும்பிடு போட்டாள். ‘இரு, உனக்கு வைக்கிறேன்’ என்று மனத்துக்குள் கறுவிக்கொண்டு, பெரியவரிடம் அடையாள அட்டையைக் கேட்டாள்.

விருத்தம் என்றால் சும்மா இல்லை. தாளம் கிடையாது, கூடப் பாட ஆள் கிடையாது. முதலில் ஒருத்தி மட்டும் தனியாகக் குரல் எடுப்பாள், மண்டபமே அடங்கிப்போகும். அதன் பிறகுதான் மற்றவர்கள் சேர்ந்து பாடுவார்கள். வருஷா வருஷம் அது முத்தாயியின் இடம். அந்தச் சில நிமிடங்களுக்காகத்தான் மிச்ச நாள் முழுக்க அவள் எண் சீட்டு கொடுத்துக்கொண்டிருந்தாள் என்றுகூடச் சொல்லலாம்.

குழுவில் மொத்தம் நான்கு பேர். ரத்தினம்மாதான் தலைவி. ஒத்திகை நடப்பது ஜாலான் புசாரில் அவள் வீட்டு ஹாலில், போய்வருவது அவள் காரில், அதனால் சட்டமும் அவளுடையதுதான். ஹார்மோனியம் வாசிப்பது பூவம்மா. போன வருஷம் புருஷனைப் பறிகொடுத்தவள், பேச்சு குறைவு. நான்காவதாக வந்து சேர்ந்தவள்தான் இந்த இனியா. வங்கியில் வேலை பார்க்கிற சின்னப் பெண். அவள் வந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை.

வினையே அந்தப் பெண்ணின் ஃபோனில்தான் இருந்தது. சுருதி கொடுக்கும் ஆப் ஒன்று வைத்திருந்தாள். காரில் ஏறியதும் புளூடூத்தில் ஸ்டீரியோவோடு இணைப்பாள், போகிற வழியெல்லாம் ஒத்திகை நடக்கும். ஒரு நாள், “அஞ்சு கட்டையிலயே வையிம்மா, அதான் நம்ம சுருதி” என்றாள் ரத்தினம்மா. ஸ்பீக்கரில் சுருதி எழுந்தது. முத்தாயி விருத்தத்தை எடுத்தாள். மேல் வரிக்குப் போனபோது குரல் கிழிந்தது. மறுபடி எடுத்தாள், மறுபடி கிழிந்தது. ஏர்கான் காற்று நேராகத் தொண்டையில் அடிக்கிறது என்றாள். முன்சீட்டிலிருந்து இனியா திரும்பி, “கீய லோவர் பண்ணி சுருதிய எறக்கட்டா ஆன்ட்டி?” என்று கேட்டாள். அந்தக் கேள்வியை முத்தாயியால் மன்னிக்கவே முடியவில்லை. பூவம்மா மட்டும் சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஹாலில் ஹார்மோனியத்துக்குப் பாடும்போது ஒரு குறையும் இல்லையே! காருக்குள் மட்டும் எப்படிக் கிழியும்? எல்லாம் அந்த ஏர்கானும் அந்த ஆப்பும் செய்த வேலை என்று முத்தாயி முடிவுகட்டினாள். இதில் பெரிய கொடுமை என்னவென்றால், ரத்தினம்மா இந்தக் காரை வாங்கிய புதிதில் புளூடூத் என்றால் என்னவென்றே அவளுக்குத் தெரியாது. கையேட்டைப் படித்து, பட்டனை அழுத்திப் பிடித்து, முதன்முதலில் ஒரு ஃபோனை அந்தக் காரோடு இணைத்தவளே முத்தாயிதான். ‘தாயி ஃபோன் கனெக்டட்’ என்று அந்தக் காரின் வெள்ளைக்காரிக் குரல் அவள் பேரைத்தான் தினமும் சொல்லிக்கொண்டிருந்தது. இப்போது அது இனியாவின் பேரைச் சொல்லுகிறது.

சும்மா விடுவாளா முத்தாயி? அவள் கையில் ஆயுதம் இருந்தது. ரத்தினம்மாவும் அவளும் கொஞ்ச நாள் முன்புவரை அத்தனை நெருக்கம். ஒத்திகை முடிந்து வீடு போய்ச் சேர்ந்ததும் மாறி மாறி வாட்ஸ்அப்பில் குரல் செய்தி அனுப்பிக்கொள்வார்கள். யார் எப்படிப் பாடினாள், யார் என்ன உடுத்தினாள், ஒருத்தியையும் விட்டுவைத்ததில்லை. வேலை முடிந்து எம்ஆர்டி ரயிலில் உட்கார்ந்து, காதில் இயர்ஃபோனை மாட்டிக்கொண்டு, ரத்தினம்மா அனுப்பிய பழைய செய்திகளை ஒவ்வொன்றாகக் கேட்டாள். அவள் பேசி முடிப்பதற்குள் நிறுத்திவிட்டு அடுத்ததுக்குத் தாவினாள். நடுநடுவே தன் பதில்களும் இருந்தன. தான் பேசியதைத் தானே கேட்க யாருக்குப் பொறுமை இருக்கிறது? ஃபேரர் பார்க் ஸ்டேஷன் வந்தபோது தேடியது கிடைத்துவிட்டது. இனியாவையும் பூவம்மாவையும் ஒரே மூச்சில் கிழித்துத் தொங்கவிட்ட செய்தி. இரண்டு பேரும் அதைக் கேட்டால் குழுவும் இருக்காது, தலைவியும் இருக்க மாட்டாள்.

சனிக்கிழமை சாயங்காலம் கோயிலுக்குப் புறப்பட, எல்லோருக்கும் முன்னால் ரத்தினம்மா வீட்டுக் கார்பார்க்குக்குப் போய் நின்றாள். ரத்தினம்மா எஞ்சினைப் போட்டு ஏர்கானை ஓடவிட்டு, பூக்கூடைகளைப் பின்னால் அடுக்கிக்கொண்டிருந்தாள். உதவி செய்வதுபோல் முன்கதவைத் திறந்த முத்தாயி, திரையில் விரலை வைத்தாள். பட்டியலிலிருந்து இனியாவின் ஃபோனை அழித்தாள். தன் பேரைத் தொட்டாள். ‘தாயி ஃபோன் கனெக்டட்’ என்றது கார். எத்தனை நாளாகிவிட்டது இதைக் கேட்டு!

“என்னடி சத்தம்?” என்றாள் ரத்தினம்மா பின்னாலிருந்து.

“கதவு சரியா சாத்தலன்னு சொல்லுதுக்கா” என்றாள் முத்தாயி.

இனியா வந்து முன்சீட்டில் ஏறினாள். ஃபோனைத் தட்டித் தட்டிப் பார்த்தாள். “கனெக்ட் ஆகல ஆன்ட்டி. திரும்ப புளூடூத் பேரிங் பண்ணணும் போல. கார் ஓடும்போது விடாது.”

“பரவால்லலா, கோயிலுக்குப் போய்ப் பாத்துக்கலாம்” என்று ரத்தினம்மா காரை எடுத்தாள்.

பின்சீட்டில் முத்தாயியும் பூவம்மாவும். நடுவில் ஹார்மோனியப் பெட்டி, அதன் மேல் புடவைப் பை. பூவம்மா தன் பைக்குள் கைவிட்டு ஒரு சின்ன ஃபிளாஸ்க்கை எடுத்து நீட்டினாள். “அதிமதுரம் போட்டுக் காய்ச்சுனது தாயி. தொண்டைக்கு நல்லது. நேத்துக்கூட ரத்தினத்துக்கிட்ட சொன்னேன், அவளே பாடட்டும், பெட்டி நான் பாத்துக்கிறேன்னு. கேக்க மாட்டேங்குறா.”

முத்தாயிக்கு ஒரு கணம் நெஞ்சு உறுத்தியது. இந்த மனுஷி கேட்டால் நொந்துபோவாள். ஆனால் திட்டியது ரத்தினம்தானே, நானா? நொந்துபோகட்டும், அப்போதுதான் அவளுக்கும் ரத்தினத்தின் யோக்கியதை தெரியும். ஃபிளாஸ்க்கை வாங்கிக் கால்மாட்டில் வைத்தாள்.

சிராங்கூன் ரோடு தீபாவளி விளக்குகளும் கூட்டமுமாகத் திணறிக்கொண்டிருந்தது. கார் ஊர்ந்தது, நின்றது, மறுபடி ஊர்ந்தது. இதைவிட நல்ல இடம் கிடைக்காது. இறங்கிப் போகவும் முடியாது, காதைப் பொத்திக்கொள்ளவும் முடியாது. மடியிலிருந்த பைக்குள் கையை விட்டாள் முத்தாயி. கட்டைவிரலால் ஃபோனில் அந்தச் செய்தியைத் தொட்டாள்.

நாலு ஸ்பீக்கரிலும் ரத்தினம்மா பேசினாள். “ஏய் தாயி, வீட்டுக்குப் போய்ட்டியா? அந்தப் புதுப் பொண்ணு பாடுனத கேட்டியா? பாட்டா அது? எம்ஆர்டி கதவு மூடுறப்ப கத்துமே, அந்தச் சத்தம்லா! மூஞ்சிக்குப் பூசத் தெரியுது, சுருதில நிக்கத் தெரியல. சின்னப் பிள்ளைங்க இருந்தா பாக்க நல்லா இருக்கும், அதுக்காக வச்சுக்குவோம். இந்தப் பூவம்மாவத்தான் என்ன பண்றதுன்னு தெரியல. பெட்டிய எங்கயோ பாதாளத்துல கொண்டு போய் வைக்கிறா. சுருதியே எறங்கிப் போச்சு. இழவு வீட்டுல பாடுற மாதிரி இருக்கு. காது போச்சு அவளுக்கு!”

“ஐயய்யோ! இது எப்படி கனெக்ட் ஆச்சு!” என்று பதறினாள் முத்தாயி. நன்றாகத்தான் பதறினாள். பதறிய கையோடு ஃபோனைப் பையிலிருந்து எடுத்து நழுவவிட்டாள். அது முன்சீட்டுக்கு அடியில் போய் விழுந்தது. ஆண்டவனே, கச்சிதம்! இனி யாரும் அதை நிறுத்த முடியாது.

ரத்தினம்மா முகம் வெளிறி, ஸ்டீரியோவின் குமிழைத் தேடித் தடவினாள். விரல் அதில் பட்டுவிட்டது. திருகினால் அணைந்துவிடும். அப்போது அவளுக்கு என்னவோ ஞாபகம் வந்தது. கை அப்படியே நின்றது. கண்ணாடியில் நிமிர்ந்து முத்தாயியைப் பார்த்தாள். உதட்டோரத்தில் ஒரு சிரிப்பு வந்தது. வலப்பக்கமாகத் திருகி, சத்தத்தை இன்னும் கூட்டினாள்.

அவள் ஏன் சிரிக்கிறாள் என்று முத்தாயிக்கு விளங்கவில்லை. வாட்ஸ்அப்பில் ஒரு குரல் செய்தி ஓடி முடிந்தால் அதற்குக் கீழே இருப்பது தானாகவே ஓடத் தொடங்கும் என்பது அவளுக்குத் தெரியாதது இல்லை. எரிந்த வயிற்றுக்கு அது மறந்துபோனது, அவ்வளவுதான்.

“கரெக்டா சொன்னீங்கக்கா!” என்றது முத்தாயியின் குரல், கார் முழுக்க, கணீரென்று. “நானே சொல்லணும்னு இருந்தேன். புருஷன் போனதுல இருந்து அவளுக்குக் கையும் எந்திரிக்கல, காதும் கேக்கல. வீட்டுல உக்காந்து அழுதுக்கிட்டு இருக்க வேண்டியதுதானே? பெட்டியத் தூக்கிக்கிட்டு நம்ம தலையில வந்து விழறா. அந்த மனுஷன் செத்ததே இவ வாசிப்பத் தாங்க முடியாமத்தான் போல!” அதற்கப்புறம் சிரிப்பு. நீளமான, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிற சிரிப்பு.

முத்தாயி சீட்டுக்கு அடியில் பாய்ந்தாள். சீட்பெல்ட் பிடித்து இழுத்தது, ஹார்மோனியப் பெட்டி மார்பில் இடித்தது. விரல் ஃபோனைத் தொடவே இல்லை. சிரிப்பு தானாக ஓய்ந்தது.

பின்னால் வந்த டாக்சி ஹார்ன் அடித்தது, ரத்தினம்மா காரை நகர்த்தினாள். இனியாதான் முதலில் வாயைத் திறந்தாள். “நான் பாடல. நீங்களே பாடிக்குங்க ஆன்ட்டி. திஸ் இஸ் ஸோ கேவலம்.” ரத்தினம்மா ஸ்டீரியோவை அணைத்தாள். எந்த வாயோடு மறுத்துச் சொல்வாள்?

“பூவம்மாக்கா, அது வந்து… சும்மா ஒரு வெளயாட்டுக்கு…” என்று முத்தாயி குழறினாள்.

பூவம்மா அழவில்லை. கால்மாட்டிலிருந்து ஃபிளாஸ்க்கை எடுத்துத் தன் பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தாள். “தாயியே விருத்தம் பாடட்டும் ரத்தினம்” என்றாள். “தொண்டைக்கு ஒண்ணும் இல்ல. இப்பக் கேட்டோமே, எவ்வளவு தெளிவா இருக்கு.”

டோபி காட் தாண்டும்வரை முத்தாயி தலையை நிமிர்த்தவில்லை. வெட்கம் பிடுங்கித் தின்றது. ஆனால் உள்ளதைச் சொல்லிவிட வேண்டும்: அந்த வெட்கத்துக்கு அடியில் மனம் ஒரு துள்ளு துள்ளியது. விருத்தம் திரும்பக் கிடைத்துவிட்டது. ரத்தினத்தின் மூக்கும் உடைந்தது. பூவம்மாவின் காலில் நாளைக்கு விழுந்துகொள்ளலாம், அவள் நல்லவள், மன்னித்துவிடுவாள்.

கோயில் மண்டபத்தில் கொலுவுக்கு எதிரே பாய் விரித்திருந்தார்கள். நல்ல கூட்டம். பாலிகிளினிக்கில் கூட வேலை செய்கிறவர்கள்கூட இரண்டு பேர் முன்வரிசையில் இருந்தார்கள், முத்தாயிதான் எப்போதோ கூப்பிட்டிருந்தாள். மைக்கை அவள் முன்னால் வைத்தார்கள். ஒவ்வொரு வருஷமும் பூவம்மா பெட்டியைத் திறந்ததும் அவளைப் பார்த்து லேசாகத் தலையசைப்பாள். இன்று பார்க்கவில்லை. துருத்தியை அசைத்தாள், கட்டையில் விரலை வைத்தாள், சுருதி எழுந்தது.

முத்தாயிக்குக் கேட்டதுமே தெரிந்துவிட்டது. இது ஹாலில் பாடுகிற சுருதி இல்லை. காரில் அன்றைக்கு இனியாவின் ஃபோன் கொடுத்த சுருதி. குரலைக் கிழித்த அதே உயரம்.

மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு சாய்ந்தாள். “அக்கா, ஏத்தி வச்சுட்டீங்க.”

“ஏத்தல.” பூவம்மாவின் கண் அம்மன்மேல் இருந்தது, கை துருத்தியில் இருந்தது. “இதான் அஞ்சு கட்டை. உன் தொண்டை எறங்க ஆரம்பிச்சதுல இருந்து ஒருத்தருக்கும் தெரியாம நாலுல வாசிச்சுக்கிட்டு இருந்தேன். உனக்கே தெரிய வேணாம்னு இருந்தேன். இழவு வீடு மாதிரி இருக்குன்னு சொன்னாளே, அது அந்த நாலு கட்டைதான்.”

முன்வரிசையில் யாரோ கைகூப்பிக் கண்ணை மூடினார்கள். கூட்டம் பேச்சை நிறுத்தியது. பக்கத்தில் ரத்தினம்மா தாளக்கட்டையை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

“எறக்குங்கக்கா. உங்க காலைப் புடிச்சுக் கேக்குறேன், எறக்குங்க.”

பூவம்மா அப்போதுதான் அவள் பக்கம் திரும்பினாள். “என்ன சொல்ற தாயி? எனக்குத்தான் காது கேக்காதே” என்றாள்.

மண்டபம் முழுக்க அடங்கிவிட்டது. அவள் எத்தனையோ வருஷமாக ஆசைப்பட்ட அதே அமைதி. மைக்கிலிருந்து கையை எடுத்துவிட்டு முத்தாயி வாயைத் திறந்தாள்.