அடைப்புக்குறிக்குள் ஒரு வருடம்

என் கணவர் எனக்குப் பூ வாங்கி வந்ததே இல்லை. கல்தான் கொண்டு வருவார். ஒவ்வொரு முறை குகைக்குள் போய் வந்த பிறகும், காலியான மாத்திரைக் குப்பி ஒன்றில் எதையாவது சுரண்டிப் போட்டு, மேலே தேதி எழுதி ஒட்டி, நேராக நான் வேலை பார்க்கும் ஆய்வகத்துக்கே வந்து நீட்டுவார்.

"இது என்னன்னு பாத்துச் சொல்லுங்க மேடம். இதுவரைக்கும் யார் கண்ணுலயும் பட்டிருக்காது."

நான் அதைப் பொடியாக்கி, எக்ஸ்ரே கருவியில் வைத்து, திரையில் வரும் கோடுகளைப் பட்டியலோடு ஒத்துப் பார்த்துச் சொல்வேன். "ஜிப்சம்."

அடுத்த மாதம் இன்னொரு குப்பி. ஜிப்சம். அதற்கடுத்தது வெறும் சுண்ணாம்பு. மறுபடியும் ஜிப்சம். பதினோராவது குப்பியை நீட்டியபோது அவர் கேட்டது கல்லைப் பற்றி அல்ல. நானும் சரி என்றேன். கல்யாணத்துக்குப் பிறகும் அந்த "மேடம்" மட்டும் போகவே இல்லை. சண்டை வந்தால்தான் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். அதனால் எனக்கு என் பெயரே கொஞ்சம் பிடிக்காமல் போயிருந்தது.

அவர் நில அளவைத் துறையில் இருந்தார். வேலை நாட்களில் தெருக்களை அளப்பார், விடுமுறை நாட்களில் குகைகளை. நான்கு வருடங்களுக்கு முன், டிசம்பர் இருபத்தொன்பதாம் தேதி, இரண்டு நண்பர்களோடு ஒரு சுண்ணாம்புக் குகைக்குள் போனார். வெளியே எதிர்பாராத மழை. உள்ளே தண்ணீர் ஏறுவதைப் பார்த்து நண்பர்கள் முன்னால் கிளம்பினார்கள். "அளக்கற நாடாவைச் சுருட்டிட்டு வந்துடறேன், போய்க்கிட்டே இருங்க" என்றாராம். தவழ்ந்துதான் வர வேண்டிய தாழ்வான இடம் ஒன்று நடுவில் இருந்தது. அவர்கள் அதைத் தாண்டிய சற்று நேரத்தில் அது முழுசாக மூழ்கிவிட்டது. ஒன்பது நாள் தேடினார்கள். ஜனவரி ஆறாம் தேதி நிறுத்திவிட்டுக் குகை வாயிலில் இரும்புக் கதவு போட்டார்கள். உடல் கிடைக்கவில்லை.

அதற்கு முந்தைய மாதம் அவர் கொண்டு வந்த கடைசிக் குப்பி என் மேஜை இழுப்பறையில் கிடந்தது. அதைத் திறக்க எனக்கு மனம் வரவில்லை. திறந்து, அதுவும் ஜிப்சம் என்று வந்துவிட்டால், அவரிடம் நான் சொல்ல வேண்டிய பதில் அதோடு முடிந்துவிடும். இரண்டரை வருடம் அப்படியே விட்டேன். எங்கள் ஆய்வகத்தில் கல் அறுக்கிறவர் ஒருவர் உண்டு. தலையிலிருந்து கால்வரை எப்போதும் கல்தூள் படிந்தே இருக்கும் என்பதால் எல்லோருக்கும் அவர் தூசி அண்ணன். ஒரு நாள் என் இழுப்பறையில் ஊசி தேடியவர் குப்பியைக் கையில் எடுத்துப் பார்த்தார்.

"ஏம்மா, பாவம், அவர் கேட்டுட்டுப் போயிருக்காரு. நீ பதிலே சொல்லலையே."

அன்று மத்தியானமே கருவியில் வைத்தேன். கோடுகள் பட்டியலில் எதோடும் பொருந்தவில்லை. கருவிதான் கெட்டுவிட்டது என்று நினைத்து மூன்று முறை பார்த்தேன். கருவி நன்றாகத்தான் இருந்தது.

அதன்பின் ஒன்றரை வருட வேலை. என்னென்ன தனிமங்கள், எவ்வளவு நீர், அணுக்கள் எப்படி அடுக்கியிருக்கின்றன என்று ஒவ்வொன்றாக உறுதி செய்தோம். எல்லாம் முடிந்து, புதுக் கனிமங்களை அங்கீகரிக்கும் உலகக் குழுவுக்கு விண்ணப்பம் அனுப்ப வேண்டிய வாரத்தில், எங்கள் பிரிவுத் தலைவர் என்னைக் கூப்பிட்டார். ஓய்வு பெற ஆறு மாதம் பாக்கி இருந்த மனிதர்.

"பேர் வைக்கணுமேம்மா. கண்டுபிடிச்சு எழுதறவங்க தங்க பேரையே வெச்சுக்கறது வழக்கமில்ல. அதனால உன் பேரும் கிடையாது, என் பேரும் கிடையாது. என் பேர் தப்பிச்சது. அவர் பேரை வெச்சுடலாமா? கனிமப் பேர்ல வர்ற மாதிரி கடைசியில ஒரு 'ஐட்' சேர்த்தா சொல்லவும் நல்லாத்தான் இருக்கு."

தலையை ஆட்டினேன்.

"ஒரே ஒரு விஷயம்." கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார். "ஆள் உயிரோட இருந்தா, அவர்கிட்ட எழுத்துல சம்மதம் வாங்கி இணைக்கணும். இல்லேன்னா பேருக்குப் பக்கத்துல அடைப்புக்குறிக்குள்ள பிறந்த வருஷம், ஒரு கோடு, அப்புறம்... அந்த வருஷம். சான்றிதழெல்லாம் கேக்க மாட்டாங்க. நாம எழுதினா போதும்."

"கொஞ்ச நாள் பொறுத்து அனுப்பினா?"

"வேற ஒரு குழு இதே மாதிரி ஒண்ணைப் பத்தி விசாரிச்சு எழுதியிருக்காங்க. அவங்க முந்திட்டா அவங்க வைக்கிறதுதான் பேர். வெள்ளிக்கிழமைக்குள்ள அனுப்பணும்." பிறகு குரலைத் தாழ்த்தினார். "கஷ்டமா இருந்தா விடு. மஞ்சளா இருக்குன்னு நிறத்தை வெச்சு ஒரு பேர் வெச்சுடுவோம். யாருக்கும் மனசு நோகாது."

நோகக்கூடிய மனசு யாருடையது என்று அவருக்கும் தெரியும். என் மாமியாருடையது.

அத்தையும் நானும் ஒரே வீட்டில்தான் இருக்கிறோம். சீருடை தைக்கும் பட்டறை ஒன்றில் முப்பது வருடம் வேலை பார்த்தவர் அவர். இப்போது வீட்டு ஜன்னலோரம் தையல் மெஷினைப் போட்டுக்கொண்டு அக்கம்பக்கத்தாருக்கு ஆல்டர் செய்து கொடுக்கிறார். மகனுக்குக் குகையில் போடும் கெட்டித் துணி உடுப்பைத் தைத்துத் தந்ததும் அவர்தான். முழங்காலிலும் முழங்கையிலும் இரட்டைத் துணி வைத்து, கழுத்துவரை ஜிப் போட்டு. மகன் காணாமல் போன பிறகு அதே அளவில் இன்னொன்று தைத்து அலமாரியில் மாட்டியிருக்கிறார். "பழசு இந்நேரம் கிழிஞ்சிருக்கும்" என்பார்.

அன்று சாயங்காலம் விஷயத்தைச் சொன்னேன். ஒரு பேன்ட்டின் தையலைப் பிரித்துக்கொண்டே கேட்டார்.

"அது எதுல உண்டாகுது?"

"குகையில வௌவால் எச்சம் விழுந்து விழுந்து, கீழ இருக்கற களிமண்ணோட சேர்ந்து, ஆயிரக்கணக்கான வருஷம் ஊறி..."

"அடிப்பாவி! உலகத்துல வேற எதுவுமே அகப்படலையா? என் புள்ள பேரை வௌவால் பீக்கா வைக்கப் போறீங்க?"

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவருக்கும். எத்தனையோ மாதங்களுக்குப் பிறகு அந்த அறையில் இருவரும் ஒன்றாகச் சிரித்தோம்.

"சரி, அதனால என்ன பிரயோஜனம்?"

"ஒண்ணும் இல்ல அத்தை."

"மருந்துக்கு?"

"இல்ல."

"பாத்திரம் தேய்க்கவாவது ஆகுமா?"

"மொத்தமா ஒரு சிட்டிகைதான் இருக்கு. உலகத்துக்கே அவ்வளவுதான்."

"அவனும் அப்படித்தான்" என்றார். "கடைக்குப் போடான்னா போக மாட்டான்."

அப்போதுதான் சம்மதக் கடிதத்தைப் பற்றிச் சொன்னேன். கத்தரிக்கோலைக் கீழே வைத்தார்.

"அப்ப இருக்கச் சொல்லு அவங்களை. தம்பி வந்து கையெழுத்துப் போடுவான்." மகனை அவர் தம்பி என்றுதான் சொல்வார். "தட்டின சத்தம் கேட்டுச்சே, அதை ஏன் யாரும் எழுத மாட்டேங்கறீங்க?"

தேடலின் நான்காம் நாள், ஜனவரி ஒன்று, மத்தியானம். தண்ணீருக்குள் போய் வந்த ஒருவர், பாறைக்கு அந்தப் பக்கமிருந்து மூன்று முறை தட்டும் சத்தம் கேட்டதாகச் சொன்னார். எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு ஆறு மணி நேரம் காத்திருந்தோம். மறுபடி கேட்கவில்லை. இடுக்கில் சிக்கிய காற்று தண்ணீரைத் தள்ளும்போது அப்படிக் கேட்கும் என்று தேடல் குழுத் தலைவர் பிறகு விளக்கினார். அத்தை அந்த விளக்கத்தைக் காதிலேயே வாங்கவில்லை. துணி கொடுக்க வருகிறவர்கள், தபால்காரர், மின்கட்டணத்துக்கு அளவெடுக்க வருகிறவர், எல்லோருக்கும் அந்த மூன்று தட்டல்களை மெஷின் பலகையில் தட்டிக் காட்டிவிடுவார்.

"அது தண்ணி அத்தை" என்றேன், வழக்கம்போல.

"உனக்கு எல்லாம் தண்ணிதான்" என்று சொல்லிவிட்டு மெஷினை மிதிக்க ஆரம்பித்தார்.

வெள்ளிக்கிழமை காலை விண்ணப்பத்தில் மஞ்சள் என்று பொருள்படும் ஒரு பெயரை அடித்துவிட்டேன். நல்ல பெயர்தான். யாரும் ஆட்சேபிக்க முடியாத பெயர். தலைவர் படித்துப் பார்த்து, "சரிம்மா" என்று மட்டும் சொன்னார். அனுப்புவதற்குக் கொஞ்ச நேரம் இருக்கும்போது கதவுக்கு வெளியே தூசி அண்ணனின் குரல் கேட்டது.

"மெதுவா வாங்கம்மா, படி உயரம். எதுலயும் சாஞ்சுடாதீங்க, என்னை மாதிரி ஆயிடுவீங்க."

அத்தை. இத்தனை வருடத்தில் ஒரு தடவைகூட ஆய்வகத்துக்கு வந்ததில்லை. நல்ல புடவை கட்டி, தையல் கண்ணாடியைக் கையில் பிடித்திருந்தார்.

"அதைப் பாக்கலாமா?" என்றார்.

நுண்ணோக்கியின் முன் முக்காலியில் உட்காரவைத்தேன். ஊசிக்கு நூல் கோத்துப் பழகிய கண். அவராகவே திருகைத் திருப்பித் தெளிவாக்கிக்கொண்டார். பழுப்பு மண்ணின் மேல் வெளிர் மஞ்சள் தகடுகள், ஒன்றோடொன்று ஒட்டி, சின்னச் சின்ன ரோஜாக்கள் போல இருக்கும். நான் ஆயிரம் தடவை பார்த்தது. அவர் நெடுநேரம் பார்த்தார்.

"இதையா ஜிப்சம்னு நெனச்சே?"

"பாக்காம வெச்சிருந்தேன் அத்தை."

எழுந்து வந்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு கணினித் திரையைப் பார்த்தார். "இது என்ன பேர்?"

"மஞ்சள்னு அர்த்தம் வர்ற மாதிரி..."

"யாரு வெச்சது?"

"நான்தான்."

"அவன் உள்ள போய், படுத்து, சுரண்டிக் கொண்டு வந்ததுக்கு, மஞ்சள்னு பேரா? நாளைக்கு இதை எடுத்துப் பாக்கறவங்களுக்கு அவன் அங்க போனான்னு எப்படித் தெரியும்?" குரல் உயர்ந்தது. தலைவர் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார். "தம்பி பேரை வை."

"அப்படின்னா வருஷம் போடணும் அத்தை."

"போடு."

மஞ்சளை அழித்தேன். அவர் பெயரை அடித்தேன், அந்த "ஐட்"டோடு. அடைப்புக்குறி. பிறந்த வருடம். கோடு. அங்கே விரல் நின்றுவிட்டது.

இது வரும் என்று எனக்குத் தெரியும். தலைவர் சொன்ன அன்றிலிருந்தே தெரியும், யாரிடமும் சொல்லவில்லை. டிசம்பர் இருபத்தொன்பது ஒரு வருடம், ஜனவரி ஒன்று இன்னொரு வருடம். பழைய வருடத்தை எழுதினால் எல்லாம் மூன்று நாளுக்குள் முடிந்தது, யாரும் எதையும் தட்டவில்லை. புது வருடத்தை எழுதினால் தட்டியது அவர்தான். பாறைக்கு இந்தப் பக்கம் இருபது பேர் நின்றிருந்தோம், அவர் அந்தப் பக்கம் இருந்தார், நாங்கள் போய்ச் சேரவில்லை.

"என்னம்மா?" என்றார் தலைவர்.

சொன்னேன். அவர் மெல்லத் தொண்டையைச் செருமினார். "ரெண்டையும் போட முடியாதேம்மா. ஒண்ணுதான். பொதுவா, ஆள் காணாமப் போன வருஷத்தையே..."

"கொஞ்சம் இருங்க சார்" என்றார் அத்தை. என் பக்கம் திரும்பினார். "புது வருஷம்னா எத்தனை நாள்?"

"குறைஞ்சது நாலு."

"லைட்டு எவ்வளவு நேரம் எரியும்?"

"ஒரு நாள். கூட பேட்டரி வெச்சிருந்தா ரெண்டு."

அவர் மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். மெஷின் பலகையில் தட்டித் தட்டிக் காட்டிய அந்த விரல்கள். தட்டவில்லை, பிடித்துக்கொண்டு மட்டும் இருந்தன.

"அந்தத் துணி நனைஞ்சா வெயில்லயே காய ரெண்டு நாளாகும். கெட்டியா இருக்கட்டும்னு நான்தான் தைச்சேன்" என்றார். "முழங்கால்ல ரெட்டைத் துணி வேற."

பக்கத்து அறையில் கல் அறுக்கும் மெஷினைத் தூசி அண்ணன் நிறுத்தியிருந்தார்.

"பழைய வருஷம் போடு."

"அத்தை, அந்தச் சத்தம்..."

"அது தண்ணிம்மா. நீதானே சொல்லுவே."

நான்கு வருடமாக அதைச் சொன்னவள் நான்தான். ஒரு நாளும் அதை நம்பியவளில்லை. அவர் விடாப்பிடியாக நம்பிக்கொண்டிருந்ததால், எதிர்த்துப் பேசுகிற தைரியம் எனக்கு இருந்தது. அவ்வளவுதான். அவர் வாயிலிருந்து அது வந்ததும் பாறைக்கு அந்தப் பக்கம் யாருமில்லாமல் போனது.

நான்கு எண்களை அடித்தேன். அடைப்புக்குறியை மூடினேன். தலைவர் ஒரு தடவை படித்துவிட்டு, என் முகத்தைப் பார்க்காமல் கையெழுத்திட்டார். பதினோரு மணிக்கு விண்ணப்பம் போய்விட்டது. அந்தச் சிட்டிகையை வைக்கப்போகும் அருங்காட்சியகத்தின் பதிவு அட்டையையும் அன்றே நிரப்பினேன். பெயர், பெயர்க்காரணம், கிடைத்த இடம். பயன் என்ற வரியில் "எதுவும் தெரியவில்லை" என்று எழுதினேன்.

தலைவர் எனக்கு அரைநாள் விடுப்பு தந்தார். பஸ் நிறுத்தத்தில் அத்தையும் நானும் நின்றோம். வெயில் சுள்ளென்று அடித்தது. அவர் தையல் கண்ணாடியை இன்னும் கழற்றவில்லை. தூரத்தில் இருப்பதெல்லாம் அதில் மங்கலாகத்தான் தெரியும்.

"ஏம்மா" என்றார், ரோட்டைப் பார்த்துக்கொண்டே. "எழுதி அனுப்பின வருஷத்தை அப்புறம் மாத்த முடியாதா?"

"முடியாது அத்தை."

"சும்மாதான் கேட்டேன்."

பஸ் வந்தது. நான் கை நீட்டினேன். அவர் அதைப் பிடிக்காமல், கம்பியைத் தேடித் தடவிப் பிடித்து, தானாகவே ஏறினார்.