சாவிலிருந்து தொடங்குகிறவன்

"யாரு, வைஜெயந்தியம்மாவா? நம்ம பழனிசாமி சார் வீட்டம்மா! அரே சாப், நேத்துதானே அவங்களை மீன் மார்க்கெட்லேர்ந்து வீட்ல கொண்டுபோய் விட்டேன்!"

போர்ட் பிளேரில் ஆட்டோ ஓட்டிய அன்வர் சிரித்துக்கொண்டே சொன்னான். பின்னால் இருந்த சுதாகருக்குச் சப்தநாடியும் ஒடுங்கிவிட்டது.

பாண்டிச்சேரியில் பிறந்து பாரீஸில் எழுதிப் பிழைப்பவன் சுதாகர். அவனுடைய இரண்டு நாவல்களை யாரும் சீண்டவில்லை. அவன் விமரிசனம் எழுதிக்கொண்டிருந்த இலக்கிய வார இதழும் அவனைக் கழற்றிவிட்டுவிட்டது. மிச்சமிருந்த ஒரே துடுப்பு, வாழ்க்கை வரலாறு. பிரெஞ்சில் ஒரே ஒரு நாவல் எழுதிவிட்டுக் காணாமல் போன வைஜெயந்தியின் வரலாறு.

சாவை முதலில் எழுதுவான், பிறகுதான் பிறப்பு. அதுதான் அவன் பாணி. அந்தமானில், சுனாமி அடித்துப் போன அவளுடைய ஹட் பே வீட்டில் ஒரு பெண்ணின் உடல் கிடைத்தது என்று யாரோ போனில் சொன்னார்கள். அவனுக்கு அது போதுமாக இருந்தது. உட்கார்ந்து எழுதிவிட்டான். புத்தகம் இன்று அச்சேறுகிறது. விளம்பரத்துக்காக, அவள் செத்த இடத்தைப் படம் பிடிக்க ஹட் பே போகும் கப்பல் ஏறப் போய்க்கொண்டிருந்தவன்தான் இப்போது அலறினான்.

"கப்பல் வேண்டாம்ப்பா. அந்த அம்மா வீட்டுக்கு விடு!"

ஊரின் ஓரத்தில், புரோத்ராபூர் வீட்டு வாசலில் பாக்கு உரித்துக்கொண்டிருந்த வைஜெயந்தி, அவன் பெயரைக் கேட்டதும் நிமிர்ந்தாள்.

"ஓ, என்னைச் சாகடிச்சவன் நீதானா? இன்டர்நெட்ல அந்த அத்தியாயத்தைப் படிச்சேன். நல்லாத்தான் எழுதியிருக்கே. என்ன, செத்தது நான் இல்ல."

"அப்ப அந்த வீட்ல...?"

"சுசீலா. என் தங்கச்சி. நான் அன்னிக்கு போர்ட் பிளேர்ல இருந்தேன்."

சுதாகர் மண்ணில் மண்டியிட்டான். "அம்மா, இந்தப் புஸ்தகம் நின்னுபோச்சுன்னா நான் தொலைஞ்சேன். இனிமே ஒருத்தனும் என்னை வாசல்ல சேர்க்க மாட்டான். ஒரே ஒரு தடவை... பேசாம இருந்துடுங்களேன்."

"எழுந்திரு தம்பி. நான் யாருக்கும் போன் போட்டுச் சொல்லப் போறதில்ல. நான் உயிரோட இருக்கறது எனக்குத் தெரியும், அது போதும்." அவள் பாக்கைக் கீழே வைத்தாள். "ஆனா அவ சாவைத் தூக்கி எனக்குக் குடுத்துட்டியே. அவளுக்குன்னு இருந்தது அது ஒண்ணுதானே?"

சுதாகரின் செல் அலறியது. பாரீஸ். பதிப்பாளர். மெஷினை ஓட்டலாமா என்று கேட்டார்.

'பேசாதே. ஓட்டச் சொல், அவ்வளவுதான்' என்று மூளை கெஞ்சியது. வைஜெயந்தி அவனைப் பார்க்கவேயில்லை. பாக்கை எடுத்து மறுபடி உரிக்கத் தொடங்கியிருந்தாள்.

"மெஷினை நிறுத்துங்கள்," என்றான் பிரெஞ்சில். "சாவு அத்தியாயம் பொய்."

"பொய்யா? யார் சொன்னது?"

"செத்தவரே."

மறுமுனையில் பனிக்கட்டிக் குரல். "இனி எங்களுக்கு எதையும் அனுப்ப வேண்டாம், சுதாகர்."

இணைப்பு அறுந்தது. செல்லைக் கையில் பிடித்தபடியே அப்படியே உட்கார்ந்திருந்தான். அழக்கூட வரவில்லை. பதிப்பாளர் இல்லை, பத்திரிகை இல்லை. ஊர் திரும்பி யார் முகத்தில் விழிப்பது என்றும் தெரியவில்லை.

வைஜெயந்தி உள்ளே போய் ஒரு கிளாஸ் டீயோடு வந்து அவன் பக்கத்தில் வைத்தாள்.

"குடி."

தொண்டையில் ஒரு வாய் இறங்கியது. இதுவரை எவரைப் பற்றியும் முதலில் கேட்டிராத கேள்வியைக் கேட்டான்.

"சுசீலா எங்கம்மா பொறந்தாங்க?"