தண்ணீரை வெளியே நிறுத்தும் தொட்டி

இரண்டு வருஷத்துக்கு முன்பு, ஐப்பசி ஏழாம் தேதி, மல்லாங்கிணறு மாதவனுக்கு முருகேஸ்வரி செய்துகொடுத்த டிராக்டர் ட்ரெய்லர், வேலை முடிந்தபோது கட்டுமரமாக இருந்தது. பத்தடிக்கு ஆறடி என்று அளவு கொடுத்திருந்தார். அளவு அப்படியே இருந்தது. நான்கு சக்கரம், கொக்கி, பின்பக்கச் சிவப்பு விளக்கு எல்லாம் சரி. தட்டு மட்டும் ஐந்து உருளைகளாகி, நடு உருளை நீண்டு, மூக்குகள் மேல்நோக்கி வளைந்து, கயிறு கட்டிய தடம் இரும்பிலேயே தெரிய நின்றது. அருப்புக்கோட்டையில் வாழ்க்கைப்பட்டு, திருச்சுழி ரோட்டில் பதினான்கு வருஷமாகப் பட்டறை நடத்துகிறவள், வெல்டிங் முகமூடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு அதைச் சுற்றிச் சுற்றி வந்து பார்த்தாள். இரண்டு டன் தாங்குமா என்று மாதவன் கேட்டார். தாங்கும் என்றாள். மக்காச்சோளம் ஏற்றிக்கொண்டு போனார். பிறகு அவர் சொன்ன குறை ஒன்றே ஒன்றுதான்: மேடு பள்ளத்தில் ஓட்டினால் குமட்டுகிறது, பையில் எலுமிச்சம்பழம் வைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

காரணம் ஆயுத பூஜையில் இருந்தது. பட்டறைகளில் பொட்டு வைக்க ஒரு முறை உண்டு. சுத்தியல், ட்ரில்லு, வெல்டிங் மிஷின் என்று அன்றாடம் உழைக்கிறவற்றுக்குத்தான் சந்தனமும் குங்குமமும். சும்மா கிடக்கும் இரும்புக்குக் கிடையாது. அதற்கு இன்னும் உத்தியோகம் ஆகவில்லை. அந்த வருஷம் கிண்ணத்தில் சந்தனம் மிஞ்சிவிட்டது. வீணாக்க மனமில்லாமல், சுவரோரம் சாய்த்திருந்த பழைய தகடுகளுக்கும் முருகேஸ்வரி ஆளுக்கொரு பொட்டு வைத்தாள். அவை வீரசோழனில் பழைய இரும்புக்கடை வைத்திருக்கும் சிக்கந்தர் தூத்துக்குடியிலிருந்து லோடு எடுத்து வந்தவை. நாற்பது வருஷம் கடலில் உழைத்து உடைபட்ட ஒரு சரக்குக் கப்பலின் வயிற்றுத் தகடுகள். மாதவனின் ட்ரெய்லருக்கு வெட்டியதும் அவற்றைத்தான். ஓய்வு பெற்று நிம்மதியாகக் கிடந்த இரும்பு, பொட்டு வைத்ததை மறுபடி வேலையில் சேரச் சொல்லும் உத்தரவாக எடுத்துக்கொண்டது. இதைக் கண்டுபிடித்தவர் சிக்கந்தரேதான். கடை வைப்பதற்கு முன் பதினொரு வருஷம் கப்பலில் சமையல்காரராக இருந்தவர் அவர். தகட்டில் காதை வைத்துக் கேட்டுவிட்டு, அது தன் தொழிலை ஆதியிலிருந்து ஞாபகப்படுத்திக்கொள்கிறது, கட்டுமரம் முடிந்தது, மற்றவை வரிசையாக வரும் என்று வெங்காய விலை சொல்வதுபோல் சொன்னார்.

வந்தன. பூக்காரர் ஒருவர் கேட்ட தள்ளுவண்டி வட்டப் பரிசலாக முடிந்தது. தள்ளினால் நேரே போகாமல் சுற்றிச் சுற்றிப் போனது. அதனாலேயே போகாத தெருவிலெல்லாம் பூ விற்றது. கார்த்திகையில் ஒரு மாட்டுத் தொட்டி தோணியாகி, முகப்பில் இரண்டு கண்களோடு நின்றது. தீனி தின்னும்போது தொட்டி தன்னைப் பார்ப்பதில் கூச்சப்பட்டு மாடு மூன்று நாள் வாய் வைக்கவில்லை. மார்கழியில் பாய்மரம் வந்தது. ஹரிஹரசுதனின் தறிக்கூடத்துக்குப் போட்ட கூரைச் சட்டத்தின் நடுவில் அது எழுந்து நிற்க, காயப்போட்டிருந்த பாவு நூல் தானாக ஏறி விரிந்து, வாடைக்காற்றைப் பிடித்து, கூடத்தை ஒன்பதடி தெற்கே கொண்டுபோய் அடுத்த வார்டில் நிறுத்தியது. அவர் வீட்டுக்குள் தாய்மொழியான கன்னடத்திலும் வெளியே தமிழிலும் திட்டினார்; புது வார்டில் குழாய்த் தண்ணீர் ஒருநாள் முன்னதாக வருகிறது என்று தெரிந்ததும் இரண்டிலும் நிறுத்திக்கொண்டார். தை மாதம் திசைகாட்டி. சுபலட்சுமி டீச்சர் வீட்டு இரும்புக் கேட்டு எப்படி மாட்டினாலும் வடக்கே திரும்பி நின்றதால், அவர் வாசலையே வடக்கே மாற்றிவிட்டார். மாசியில் ஒரு ஹோட்டல் இட்லிக் கொப்பரை பக்கத்துக்கொரு துடுப்புச் சக்கரத்தோடு வந்து, ஒவ்வொரு ஈடு இறங்கும்போதும் நீராவிக் கப்பலாக ஊதியது. சில ஆயிரம் வருஷச் சரித்திரம் ஐந்து மாதத்தில் ஓடி முடிந்தது. ஊர் பெரிதாக அலட்டிக்கொள்ளவில்லை. ஆர்டர் கொஞ்சம் கூடவே செய்தது.

வினை பரளச்சியிலிருந்து வந்தது. அது முருகேஸ்வரி பிறந்த ஊர். அங்கே போர் தண்ணீர் முதலில் உப்பாகி, பிறகு அதுவும் நின்றுபோய், பெண்கள் மூன்று கிலோமீட்டர் தள்ளி ஒரு தோட்டத்து மோட்டாருக்குக் குடம் சுமந்துகொண்டிருந்தார்கள். பங்குனிப் பொங்கலுக்குக் காப்புக் கட்டிவிட்டால் எட்டு நாளைக்கு ஊர்க்காரர்கள் எல்லையைத் தாண்டக் கூடாது என்பது அங்கே கட்டுப்பாடு. அந்த எட்டு நாளும் குடிக்க என்ன செய்வது என்று ஊர்க்கூட்டத்தில் கேள்வி எழுந்தது. ஊராட்சித் தலைவி முத்துப்பேச்சி, முருகேஸ்வரியின் அண்ணன் பெண்டாட்டி. எங்கள் வீட்டுப் பெண் டேங்கர் செய்து காப்பு அன்றைக்குக் கொண்டுவந்து நிறுத்துவாள் என்று அத்தனை பேர் முன்னால் வாக்குக் கொடுத்துவிட்டாள்.

முருகேஸ்வரி இந்த வேலைக்கென்று மதுரையிலிருந்து புதுத் தகடு இறக்கினாள். பொட்டு பக்கமே போகவில்லை. ஆனால் சங்கதி அதற்குள் வெல்டிங் மிஷினுக்கும் தொற்றியிருந்தது. டேங்கர் முன்பக்கம் கூராக, அடிப்பக்கம் சிவப்பாக, தண்ணீர் எதுவரை நிற்க வேண்டும் என்று விலாவில் வெள்ளைக் கோடு போட்டு, இருபத்திரண்டடி இரும்புக் கப்பலாக முடிந்தது. அதுகூடப் பரவாயில்லை. குழாயைப் போட்டபோதுதான் உண்மையான சிக்கல் தெரிந்தது. உள்ளே விழுந்த தண்ணீர் விழுந்த வேகத்தில் சுவரேறி, விளிம்பைத் தாண்டி, வெளியே இறங்கி, கப்பலைச் சுற்றி மரியாதையாக நின்றது. மூன்று தடவை ஊற்றினார்கள். உள்ளே தொட்டுப் பார்க்கக்கூட ஈரமில்லை.

“அது மேல குத்தமில்ல தங்கச்சி,” என்றார் சிக்கந்தர். “தண்ணிய வெளிய நிப்பாட்டுறதுதேன் அதுக்கு வேல. அத ஒழுங்காப் பாக்குது.”

தார் பூசிப் பார்த்தாள். கவிழ்த்துப் போட்டுப் பார்த்தாள். கடைசியில் முறைப்படி ஓய்வு கொடுத்துவிடலாம் என்று மாலையும் சால்வையும் வாங்கி, காரச்சேவும் காப்பியுமாகப் பட்டறையில் பிரிவுபசார விழா நடத்தினாள். சிக்கந்தர் இரண்டு வார்த்தை பேசினார். கப்பல் சால்வையை ஏற்றுக்கொண்டது, வேலையை விடவில்லை. தரையில் அதைச் சுற்றி நின்ற தண்ணீர் நான்கு நாள் பங்குனி வெயிலுக்கும் ஒரு விரற்கடை குறையவில்லை. பக்கத்து டீக்கடையில் அதை மொண்டுதான் கிளாஸ் கழுவினார்கள். முருகேஸ்வரி அதையெல்லாம் யோசிக்கிற நிலையில் இல்லை. பிறந்த ஊர் முகத்தில் எப்படி விழிப்பது, மதினி எப்படித் தலைநிமிர்ந்து நடப்பாள் என்பதே அவள் கவலை. ஆட்கள் பார்க்காமல் வெல்டிங் முகமூடிக்குள்ளேயே அழுதாள். முகமூடி அழுவதற்குத் தோதான சாமான் இல்லை, மூக்கைத் துடைக்க முடியாது.

காப்புக் கட்டிய அன்று காலையில், வெறுங்கையோடு போவதைவிட வெறுங்கப்பலோடு போவது மேல் என்று அதை டிராக்டரில் மாட்டித் தானே ஓட்டிக்கொண்டு போனாள். பரளச்சியில் எல்லைக் கல்லிலிருந்து ஊர் மந்தைவெளி வரைக்கும் பிளாஸ்டிக் குடங்கள் வரிசையில் நின்றன. கப்பல் வந்ததைப் பற்றி யாரும் ஒன்றும் கேட்கவில்லை. முத்துப்பேச்சி ஏணி வைத்து ஏறி எட்டிப் பார்த்தாள்.

“என்னத்தா, காலியா இருக்கு?”

“உள்ள நிக்க மாட்டேங்குது மதினி. ஊத்துனா வெளியதேன் நிக்கிது. என்னென்னமோ செஞ்சு பாத்துட்டேன்.”

“வெளிய நின்ன தண்ணி வத்துச்சா?”

முருகேஸ்வரி அப்போதுதான் டீக்கடையை நினைத்துப் பார்த்தாள். வற்றவில்லை என்றாள்.

“பெறகு எதுக்கு அழுகுற? நம்ம கொடத்துக்குத் தண்ணி உள்ள நின்னா என்ன, வெளிய நின்னா என்ன? கண்மாய்ல கொண்டு போயி எறக்கு.”

கண்மாய் எல்லைக்குள்தான் இருந்தது. வெடித்துக் கிடந்த அதன் நடுவில் கப்பலை இறக்கிவைத்தார்கள். தொடக்கத்துக்குக் கொஞ்சம் தண்ணீர் வேண்டும், வீட்டுக்கொரு செம்பு கொண்டுவந்து ஊற்றுங்கள் என்றாள் முத்துப்பேச்சி. ஊரில் அன்றைக்கு இருந்ததே அவ்வளவுதான். முணுமுணுப்பு எழுந்தது, பிள்ளைக்கு வைத்திருந்த தண்ணீரை இரும்புக்கு ஊற்றச் சொல்கிறார்களே என்று ஒருத்தி வெளிப்படையாகவே கேட்டாள். முத்துப்பேச்சி தன் செம்பை முதலில் ஊற்றினாள். அப்புறம் மற்றவர்களும் வந்தார்கள், மொத்தம் நூற்றுப் பதினேழு செம்பு. எல்லாம் சுவரேறி வெளியே வந்து, கப்பலைச் சுற்றிக் கணுக்கால்கூட நனையாத அளவில் நின்றது. ஊர் கரையில் உட்கார்ந்து பார்த்தது.

பட்டறைத் தரையில் பொறுத்துக்கொண்ட கப்பலுக்குக் கண்மாயில் அது போதவில்லை. வெள்ளைக் கோடு நனையாமல் நிற்பது அதன் தொழிலுக்கு இழுக்கு. மத்தியானம் கண்மாய் வெடிப்புகள் ஒவ்வொன்றாக மூடிக்கொண்டன. மூன்று மணிக்குத் தண்ணீர் முழங்கால் அளவு. வெயில் தாழ்கிற நேரத்தில் கோட்டைத் தொட்டது, தொட்ட இடத்தில் நின்றது, அதற்கு மேல் ஓர் இழை ஏறவில்லை. முதல் குடம் மொண்டார்கள். கோடு வெளியே தெரிந்தது, பிறகு மறைந்தது. வீரசோழனிலிருந்து பஸ்ஸில் வந்திறங்கிய சிக்கந்தர் ஒரு கை அள்ளிக் குடித்துப் பார்த்து, உப்பு இல்லை, சாம்பாருக்குத் தாங்கும் என்றார். முருகேஸ்வரி கரையில் உட்கார்ந்து இன்னொரு தடவை அழுதாள், இந்தத் தடவை முகமூடி இல்லாமல்.

அது இப்போதும் அங்கேதான் நிற்கிறது. ஆய்வுக்கு வந்த அதிகாரி உள் கொள்ளளவு என்ற இடத்தில் பூஜ்யம் என்றும், வெளிக் கொள்ளளவுக்குக் கட்டம் இல்லாததால் ஓரத்தில் ‘போதும்’ என்றும் எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். கப்பலின் இடப்பக்கம் கீழத்தெருவுக்கு, வலப்பக்கம் மேலத்தெருவுக்கு என்று முதல் வாரமே சண்டை வந்து, முதல் வாரமே தீர்ந்தது. போன பங்குனிக்கு முருகேஸ்வரி பொங்கல் வைக்க ஊருக்கு வந்தாள். குடத்தை எடுத்துக்கொண்டு நேரே கப்பலருகே போனவளை முத்துப்பேச்சி கூப்பிட்டு நிறுத்தினாள்.

“நீ செஞ்சதுன்னா முன்னால விட்ருவாகளா? வரிசையில நில்லுத்தா.”

முருகேஸ்வரி ஒன்பதாவது ஆளாக நின்றாள். அவள் முறை வந்தபோது தண்ணீர் கோட்டில் சரியாக இருந்தது.