கேப்டன் ஹிட்டோலோவின் குறிகள்

பப்புவா நியூ கினியின் மலைநாட்டு ஊரான கோரோகாவின் விமான நிலையத்தில் நாலு வாரத்துக்கு ஒரு முறை சண்டை நிச்சயம். அன்றுதான் விமானிகளின் டேப்லெட்டில் புது வரைபடம் ஏறும். ஏற்றுபவள் சீனே. அது ஏறாத விமானி வானம் ஏறக்கூடாது, கம்பெனிச் சட்டம்.

கேப்டன் ஹிட்டோலோ சீனேயின் அக்காவைக் கட்டியவர். போன வருடம் அவளைத் துரத்திவிட்டு, கடற்கரைப் பக்கத்துச் சின்னப் பெண்ணொருத்தியைக் கூட்டிவந்தார். அன்றோடு சீனே அவரிடம் பேச்சை நிறுத்தினாள். சொல்வதெல்லாம் என் வழியாகத்தான்; என்னையும் அவள் அக்கா என்றுதான் கூப்பிடுவாள். விமானம் நிறுத்தும் ஹேங்கர் வாசலில் டீ விற்கிற எனக்கு இதைவிட என்ன வேலை?

"அக்கா, அந்த ஆள்கிட்ட சொல்லு. இந்தத் தடவை பழசு மொத்தமும் அழிஞ்சுதான் புதுசு ஏறும். சொந்தமா போட்ட குறியெல்லாம் தனியா எடுத்து வச்சுக்கட்டும்."

அந்தக் குறிகள்தான் கேப்டனின் உயிர். எந்த மலை இடுக்கில் நுழையலாம், எந்த ஓடுதளம் மழையில் வழுக்கும், எல்லாம் வருஷக்கணக்காகப் பறந்து அவரே புள்ளி வைத்துச் சேர்த்தது.

போய்ச் சொன்னேன்.

"தரையில உக்காந்து பட்டன் தட்டுறவ எனக்குப் பாடம் எடுக்குறாளா? இதுவரைக்கும் எதுவும் அழிஞ்சதில்ல. ஏத்தச் சொல்லு!"

அதையும் போய்ச் சொன்னேன், கொஞ்சம் காரம் சேர்த்து. சீனே ஏற்றினாள். டேப்லெட் நக்கித் துடைத்த தட்டாகத் திரும்பியது.

"பழி வாங்கிட்டாளே பாவி!" என்று கேப்டன் குதித்தார். அன்று மேகத்துக்குள் இடுக்கு பிடிபடாமல் பயணிகளோடு திரும்பி வந்தார். மறுநாளும் அப்படியே. "இன்னொரு தடவை திரும்பினா வேற ஆளைப் போட்டுருவேன்," என்றார் முதலாளி.

அப்போதுதான் சீனே வாயைத் திறந்தாள். "ஏத்துறதுக்கு முன்னாடியே நகல் எடுத்துட்டேன் அக்கா. நம்ம ஊரு வழக்கப்படி, செஞ்ச தப்புக்கு ஈடா ஒரு பன்னியோட வரச் சொல்லு. எங்க அக்கா வாசலுக்கு, ஊரே பாக்க."

"பன்னியா? செத்தாலும் மாட்டேன்!"

சனிக்கிழமை வந்தார், சீருடையோடு. வண்டியின் பின்பக்கத்தில் பன்றி கத்தியது. தெருவே கூடியிருந்தது, முன்வரிசையில் நான். சீனேயின் அக்கா கையைக் கட்டிக்கொண்டு வாசலில் நின்றாள். "தப்புதான்," என்று கேப்டன் பன்றியைப் பார்த்துச் சொன்னார்.

சீனே பன்றியைச் சுற்றி வந்தாள், விலாவைக் குத்திப் பார்த்தாள்.

"அக்கா, அந்த ஆள்கிட்ட சொல்லு. இது அவரு சின்ன வீட்டைவிட ஒல்லியா இருக்கு. இதுக்குப் பாதிக் குறிதான் வரும்."

கேப்டன் என்னைப் பார்த்தார். நான் வாயே திறக்கவில்லை. இரண்டடியில் நிற்கிறவருக்குக் காது கேட்காதா என்ன? பல்லைக் கடித்தபடி வண்டியைத் திருப்பினார், அடுத்த பன்றிக்கு.