பதினாறு டிகிரியில் ஒரு தீர்மானம்

1.

தையல்கார அக்கா உறுப்பினர் பட்டியலில் இருபத்துமூன்றாவது கையெழுத்தை இடது கையால் போட்டுக்கொண்டிருந்தாள். வலது கை பன்னிரண்டோடு ஓய்ந்துவிட்டது. வாசலில் வேன் வந்து நிற்கும் சத்தம். இன்னும் இரண்டு கையெழுத்து பாக்கி.

நல்ல ஆரம்பம்தான். வாரப் பத்திரிகையில் முப்பது வருஷம் தொடர்கதை எழுதியவனுக்கு இப்படித்தான் வரும். முதல் வரியிலேயே யாராவது ஏதாவது திருட்டுத்தனம் பண்ணியாக வேண்டும். ஆனால் இந்தக் கதை என் மண்டையில் உதித்ததல்ல. பேன்ட் இடுப்பை இரண்டு அங்குலம் பிரித்துத் தைக்கப் போன இடத்தில் மாட்டிக்கொண்டேன்.

"சார், ஒரு மணி நேரம் வந்து உக்காருங்க. பேன்ட்டை இன்னிக்கே முடிச்சுத் தரேன்."

"எங்கம்மா உக்காரணும்?"

"உலக இயக்கத்துல சார்."

2.

(இங்கே கொஞ்சம் கட்டுரை வரும். பொறுத்துக்கொள்ளுங்கள், சுருக்கமாக முடிக்கிறேன்.)

பூட்டிய கதவுகளுக்கு எதிராக ஓர் இயக்கம். பத்தொன்பது நாடுகளில் கிளை. ஆடைத் தொழிற்சாலைகளில் துணி திருடு போகிறதென்று மாடிப்படிக் கதவைப் பூட்டிவிடுகிறார்கள். தீப்பிடித்தால் உள்ளே இருப்பவர்கள் எப்படி வெளியே வருவார்கள் என்று கேட்பதுதான் இயக்கத்தின் வேலை.

நம் நாட்டுக் கிளையின் தலைவி, செயலாளர், பொதுக்குழு எல்லாமே அக்காதான். அவள் தங்கை ஒரு தொழிற்சாலையின் மூன்றாம் மாடியில் காலர் தைக்கிறாள். அந்த மாடிக் கதவில் பூட்டு. மூன்று வருஷத்துக்கு முன்னால் அக்கா இயக்கத்துக்குக் கடிதம் போட்டாள். "உங்கள் கிளையில் எத்தனை உறுப்பினர்கள்?" என்று பதில் வந்தது. ஒருத்தி என்று எழுதக் கூச்சப்பட்டு இருபத்தைந்து என்று எழுதிவிட்டாள்.*

* ஆண்டறிக்கைகளில் உள்ள படங்களைப் பார்த்தேன். ஆறே பேர், வேறு வேறு சட்டையில். ஒரு படத்தில் அக்காவின் மச்சினன் இரண்டு தடவை இருக்கிறான். எப்படி என்று கேட்டேன். "ஓடிப் போய் அந்தப் பக்கம் நின்னேன் சார்," என்றான்.

இப்போது தலைமையகச் செயலரே நேரில் வருகிறார். ஒரு தீர்மானம். பதினெட்டு நாடுகள் ஒப்புக்கொண்டாயிற்று, பாக்கி நாம்தான்.

3.

மச்சினன் வேன் ஓட்டுபவன். அவன் அள்ளிக்கொண்டு வந்த பத்தொன்பது பேர், அவனையும் சேர்த்துப் பழைய படத்து ஆட்கள் நாலு பேர், தங்கை, நான். கம்ப்யூட்டர் வகுப்பு நடக்கும் மாடி அறைக்கு வெளியே, வராந்தாவில் அக்கா ஒத்திகை நடத்தினாள்.

"இந்த இயக்கத்துல கைதட்டக் கூடாது, ஓட்டும் கிடையாது. சம்மதம்னா ரெண்டு கையையும் தூக்கி விரலை ஆட்டணும். நான் ஆட்டும்போது நீங்களும் ஆட்டுங்க."

"சம்மதம் இல்லைன்னா அண்ணி?"

"நெஞ்சுக்குக் குறுக்க கையைக் கட்டணும். ஒரு நாடு கட்டினாலே தீர்மானம் செத்துடும். அதுக்கு நமக்கு வேலை இல்ல, விடு."

இதற்குள் செயலர் தனியாக அறைக்குள் போய் உட்கார்ந்துவிட்டார். அவரை முதல் பிரதியில் நான், இந்தத் தொழிற்சாலைகளை நடத்தும் கம்பெனியின் உளவாளியாக எழுதியிருந்தேன். பழக்கதோஷம். கொளுத்துகிற வெயிலில் கனத்த கம்பளிக் கோட்டு போட்டு வந்த மனுஷரை வேறு எப்படி எழுதுவது? அந்தக் கோட்டுக்குள் நிச்சயமாக ஒரு

வேண்டாம், அந்த வாக்கியத்தை விட்டுவிடுகிறேன்.

4.

உள்ளே போனதும் எல்லோருக்கும் உடம்பு சிலிர்த்தது. ஏசி பதினாறில் ஓடிக்கொண்டிருந்தது. காலையில் அக்கா இருபத்தாறில்தான் வைத்துவிட்டுப் போயிருந்தாள்.

"ரிமோட் எங்க?"

தேடினார்கள். மேசைக்கு அடியில், கீபோர்டுகளுக்குப் பின்னால். கிடைக்கவில்லை.

"மெயினை அணைச்சுடு தம்பி."

"மெயின் பெட்டி பூட்டியிருக்கு அண்ணி. சாவி ஓனர்கிட்ட."

"ஓனர் எங்க?"

"வெளியூர்ல. நாளான்னிக்குத்தான் வருவாராம்."

செயலர் எழுந்தார். நம் மொழியைப் புத்தகம் பார்த்துக் கற்றவர் போலிருக்கிறது. "அன்பர்களே, இக்கிளையைக் காணும் பேறு பெற்றேன்," என்று தொடங்கினார்.

"பாடப்புத்தகம் பேசுது," என்று மச்சினன் என் காதைக் கடித்தான்.

தீர்மானத்தை வாசித்தார். பூட்டு எடுக்கப்படும் என்றுதான் அக்கா மூன்று வருஷமாக நினைத்திருந்தாள். அப்படி இல்லை. பூட்டு அப்படியே இருக்கும். சாவி மேற்பார்வையாளரின் மேசையில் இருக்கும். கம்பெனி இதற்குச் சம்மதித்துவிட்டது. பத்தொன்பதாவது கிளையும் ஒப்புக்கொண்டால் விவகாரம் முடிந்தது, கோப்பை மூடிவிடலாம்.

அக்காவின் முகம் வாடிவிட்டது. ஆனால் வாயைத் திறந்தால் கேள்வி வரும். கேள்வி வந்தால் கையெழுத்துகள் எல்லாம் ஒரே அம்மா பெற்றவை என்று தெரிந்துவிடும். ஒன்றுமில்லாததற்கு இது தேவலை என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டு இரண்டு கையையும் தூக்கி விரலை ஆட்டினாள்.

(இந்தப் பத்தியைப் படித்துவிட்டு அக்கா, "நான் அப்படியெல்லாம் நினைக்கல சார். கைதான் தானா போச்சு," என்றாள். அவள் சொன்னதையும் போட்டுவிட்டேன்.)

வேறு யாரும் ஆட்டவில்லை. அத்தனை பேரும் கையை நெஞ்சோடு இறுக்கிக் கட்டிக்கொண்டு, கோழி மாதிரி ஒடுங்கி உட்கார்ந்திருந்தார்கள். நானும்தான்.

செயலர் எங்களைப் பார்த்தார். "இது... தடையா?"

இந்த இடத்தில்தான் நான் தொடரும் போட்டிருப்பேன்.

5.

குளிருக்காகக் கட்டியிருக்கிறார்கள் ஐயா என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அக்கா அதைச் சொல்ல வாயெடுத்தாள். தங்கை பற்கள் கிடுகிடுக்க முந்திக்கொண்டாள்.

"சாவி ஒருத்தர்கிட்ட இருக்கும்னா இப்படித்தான்க்கா இருக்கும்."

"என்னடி?"

"ஓனர் வெளியூர் போயிட்டாரு, நாம விறைச்சுட்டிருக்கோம். அங்க சூப்பர்வைசர் சாப்பிடப் போவாரு. அப்ப நான் விறைக்க மாட்டேன். அவ்வளவுதான் வித்தியாசம்."

அக்காவின் விரல்கள் நின்றன. கைகள் மெதுவாக இறங்கின. நெஞ்சுக்குக் குறுக்கே போய்க் கட்டிக்கொண்டன.

"அண்ணி, உங்களுக்கும் குளிருதா?" என்று மச்சினன் கிசுகிசுத்தான்.

"எனக்குக் குளிரலடா."

செயலர் நோட்டில் ஏதோ எழுதினார். "உறுதியாகவா, தலைவி அவர்களே?"

"உறுதிதான் ஐயா. இன்னொண்ணும் எழுதிக்கோங்க. கிளையில இருபத்தஞ்சு பேர்னு சொன்னது பொய். நான் ஒருத்திதான்."

அவர் தலைகளை ஒவ்வொன்றாக எண்ணினார். "தங்களையும் சேர்த்து இருபத்தாறு," என்றார். "பிழையைத் திருத்திக்கொள்கிறேன்."

6.

பத்திரிகை ஆசிரியருக்கு இதை வாசித்துக் காட்டினேன். "இருபத்தாறு பேர் கையைக் கட்டினாங்க. சரி. கொலை எங்க சார்?" என்றார். அவருக்காக இரண்டு முடிவு எழுதிப் பார்த்தேன்.

முடிவு அ: தொழிற்சாலையில் தீ. கதவு. தங்கை. (எழுதக் கை வரவில்லை. அக்காவின் கடையில்தான் இன்னும் என் பேன்ட் இருக்கிறது.)

முடிவு ஆ: பூட்டை உடைத்து, கதவைத் தோளில் தூக்கிக்கொண்டு ஊர்வலம். (பொய். கதவு இரும்பு.)

உண்மையில் நடந்தது இவ்வளவுதான்: எங்கள் தடையைக் கேட்டதும் மேலும் நான்கு நாடுகள் விரலை மடக்கிக்கொண்டன. கம்பெனி மறுபடி மேசைக்கு வந்திருக்கிறது. இதை எழுதும் இன்றுவரை பூட்டு தொங்குகிறது. அது திறந்ததா என்பதை நீங்களே முடித்துக்கொள்ளுங்கள். முடிக்கும்போது மூன்றாம் மாடியில் இருப்பது யார் என்பதை மறந்துவிடாதீர்கள்.

கையைக் கட்டினோமே, அது துணிச்சலா குளிரா என்றால், என்னைப் பொறுத்தவரை குளிர். துணிச்சல் என்று ஒரு பிரதியில் எழுதி அடித்துவிட்டேன். ஆனால் அடுத்த கூட்டத்துக்கு யாரும் அழைக்காமலே போனேன். ஏசி ஓடவில்லை, ரிமோட்தான் இல்லையே. மற்றவர்களும் வந்திருந்தார்கள்.

7.

ஒன்றை இதுவரை சொல்லாமல் வைத்திருந்தேன். போன வாரம் அக்கா கடைக்கு ஒரு பார்சல் வந்தது. அனுப்பியவர் செயலர். பிரித்தால், மடித்த பழைய செய்தித்தாளுக்குள் ஏசி ரிமோட். கூடவே ஒரு சீட்டு, பாடப்புத்தகத் தமிழில்:

"தலைவி அவர்களுக்கு, என் கோட்டுப் பையிலிருந்து மீட்டெடுத்தது. பதினெட்டு நாடுகளிலும் இத்தீர்மானத்தை வாசித்தேன். ஒருவரும் கையைக் கட்டவில்லை. எமது விதிப்படி செயலருக்குத் தடை செய்யும் உரிமை இல்லை. ரிமோட்டைப் பற்றி விதியில் ஒன்றும் சொல்லப்படவில்லை."