சிரட்டைத் தண்ணீர்

“தண்ணிய எதுல எடுத்தே?”

“சிரட்டையிலங்க ஐயா.”

“என்ன சிரட்டை?”

“ரப்பர் பால் பிடிக்கிற சிரட்டை. புதுசு. இன்னும் மரத்துல கட்டாதது.”

“எத்தனை தடவை ஊத்தினே?”

“மூணு. பிதா, சுதன், பரிசுத்த ஆவின்னு ஒவ்வொரு நாமத்துக்கும் ஒண்ணு.”

“பக்கத்துல யாரு இருந்தா?”

“லயத்துச் சனமே இருந்துச்சுங்க. கபிரியேல் அண்ணன் கதவைப் பிடிச்சுக்கிட்டு நின்னாரு. கதவுதான் அவரைப் பிடிச்சுக்கிட்டு நின்னுச்சுன்னும் சொல்லலாம்.”

1

இந்தக் கதை எனக்குக் கிடைத்தது கண்டிக்குப் பக்கத்தில், கட்டுகஸ்தோட்டைப் பாலத்தில். பஸ் நகரவில்லை. பக்கத்து இருக்கையில் இருந்த மேபல் டீச்சர் என் மடியிலிருந்த மொழிபெயர்ப்பு நாவலைப் பார்த்து, “அதுல பாதிரிமார் வர்றாங்களா?” என்று கேட்டார். வருகிறார்கள் என்றேன்.

“எங்க அப்பாவுக்கு ஞானஸ்நானம் குடுத்தது பாதிரி இல்ல. ரப்பர் பால் வெட்டுற பொம்பள. பேரு பாப்பம்மா.”

தன் வம்சத்தில் ஒரு ராணி இருந்ததைச் சொல்வதுபோல் அதைச் சொன்னார். சிரட்டையும் மூன்று தடவையும் அவர் தந்தவை. மற்றதெல்லாம் என் பொறுப்பு. (கதவைப் பற்றிய கேலியும் என்னுடையதே. இரண்டு முறை அடித்துவிட்டு, இரண்டு முறையும் திரும்ப எழுதினேன்.)

2

முதல் வரைவு இப்படித் தொடங்கியது: ‘பனி கொட்டும் பாதையில் போதகரின் வண்டி’

கதை நடந்த கலகெதரையில் பனி கொட்டாது. நான் படிக்கும் நாவல்களில்தான் கொட்டும்.

இரண்டாவது: ‘1929. கலகெதரைக்கு மேலே ஒரு ரப்பர் தோட்டம். அதில் ஒன்பது லுத்தரன் குடும்பங்கள்.’ இது நிற்கட்டும். ஆனால் அவர்கள் அங்கே எப்படி வந்தார்கள்?

[அடிக்குறிப்பு. பக்கத்தின் அடிவரை போகப் பொறுமையில்லை, இங்கேயே சொல்கிறேன். கடவுளுக்கும் மனிதனுக்கும் நடுவில் தரகர் வேண்டாம் என்று ஜெர்மனியில் ஒரு துறவி சொல்லப்போய், ஐரோப்பா இரண்டாகப் பிளந்தது. இருநூறு வருஷம் கழித்து அந்தச் சொல் தரங்கம்பாடியில் கப்பலிறங்கித் தமிழ் படித்தது, அச்சுக்கூடம் வைத்தது, தஞ்சாவூர்க் கிராமங்களுக்குள் நடந்தது. பஞ்சத்தில் அந்தக் கிராமத்து ஜனங்கள் சிலர் தோட்டத்துக்கு ஆள் சேர்த்த கங்காணியின் பின்னால் கண்டிச் சீமைக்கு வந்தார்கள். போதகர் கூட வரவில்லை. துணி மூட்டைக்குள் வேதபாட வினாவிடைப் புத்தகம் வந்தது. அது கிழிந்த பிறகு மனப்பாடம் இருந்தது. முதல் பாதியைச் சரித்திரக்காரர்கள் எழுதிவிட்டார்கள். மனப்பாடம் யாருடையது என்று அவர்கள் கேட்கவில்லை.]

3

அது பாப்பம்மாவுடையது. அவளுக்கு அப்போது இருபத்திரண்டு வயது. எழுத்து தெரியாது. ஞாயிற்றுக்கிழமைகளில் லயத்து வரிசைவீடுகளின் ஒரு காம்பராவில் ஜெபம் நடத்துகிறவன் கபிரியேல். அவன் தடுக்குகிற இடத்திலெல்லாம் அடுத்த சொல்லை எடுத்துக்கொடுக்கிறவள் அவள்.

அதே லயத்து மதலேனாவுக்கு ஏழாம் மாதத்திலேயே வலி கண்டது. குழந்தை நீலம் பாரித்துப் பிறந்தது. போதகருக்குச் சொல்லியனுப்பினாலும் அவர் வந்துசேர இரண்டு நாளாகும். சாகக் கிடக்கும் குழந்தைக்கு, போதகர் இல்லாத இடத்தில், விசுவாசி எவரும் ஞானஸ்நானம் கொடுக்கலாம், பெண்ணும் கொடுக்கலாம் என்பது அந்தச் சபையின் பழைய வழக்கம். கபிரியேலுக்கும் அது தெரியும்.

“அண்ணே, தண்ணிய ஊத்துங்க.”

“அந்தப் பக்கம் கிழிஞ்சு போச்சு பாப்பா. வார்த்தை தப்பிருச்சுன்னா?”

“பிள்ளை போயிருச்சுன்னா?”

அவள் சிரட்டையை எடுத்தாள். வார்த்தை தப்பவில்லை. பெயர் மட்டும் தப்பியது. மதலேனா யாகப்பர் என்று நினைத்துவைத்திருந்தாள். பாப்பம்மாவின் வாயில் வந்ததோ தோட்டத்துத் துரையின் பெயர். பிள்ளை வில்பிரட் ஆகி, பிழைத்து, வீறிட்டது.

“துரை பேரை வச்சா துரை மாதிரியே கத்துறான் பாரு,” என்றாள் மதலேனா. அன்று அவள் பேசிய முதல் வார்த்தை அது.

4

நாலு மாதம் கழித்துப் போதகர் வந்தார். அவசர ஞானஸ்நானத்தைச் சபை முன்னால் விசாரித்து உறுதிப்படுத்துவது முறை. நீங்கள் தொடக்கத்தில் படித்தது அந்த விசாரணைதான். ஒரு பதில் பிசகினாலும் அவர் புதிதாகத் தண்ணீர் ஊற்றுவார். அப்படியானால் பாப்பம்மா ஊற்றியது வெறும் தண்ணீர்.

கடைசியாக, சொன்ன வார்த்தைகளைத் திரும்பச் சொல்லச் சொன்னார். சொன்னாள். ஓர் எழுத்து குறையவில்லை.

“இது செல்லும்,” என்றார். கொண்டுவந்திருந்த வெள்ளிக் கிண்ணத்தைத் துணியில் சுற்றிப் பைக்குள் திரும்ப வைத்தார். [இந்த வரிக்காகத்தான் இவ்வளவு தூரம் வந்தேன். ஒன்பது குடும்பங்களின் முகத்தையும் வர்ணித்து எழுதி, அடித்துவிட்டேன். கிண்ணம் பைக்குள் போனதே போதும்.]

பிறகு பதிவேட்டைத் திறந்தார். குழந்தையின் பெயர், தாய், தகப்பன், தேதி. கடைசிக் கட்டம்: ஞானஸ்நானம் கொடுத்தவர். அந்தப் பக்கத்தில் மேலிருந்து கீழ்வரை போதகர்களின் பெயர்கள். பேனா நின்றது.

“ஐயா, என் பேரைப் போட்டுக்கங்க,” என்றான் கபிரியேல். “நானும் அங்கனதானே நின்னேன். பொம்பள பேருன்னா நாளைக்கு மேலிடத்துல கேள்வி வரும். பிள்ளைக்குத்தான் கஷ்டம்.”

[வரைவில் இவனைப் பொறாமைக்காரன் ஆக்கியிருந்தேன். நாவலில் படித்த ஆள். இவன் அவனில்லை. இவன் நிஜமாகவே பிள்ளைக்காகப் பயந்தான். அதனால்தான் இவனுக்குப் பதில் சொல்வது கடினம்.]

“நின்னீங்க அண்ணே, இல்லேங்கல. சாட்சின்னு ஒரு கட்டம் இருந்தா அதுல உங்க பேரைப் போடச் சொல்லுங்க,” என்றாள் பாப்பம்மா.

5

முடிவுகள் மூன்று எழுதினேன்.

போதகர் அவள் பெயரை எழுதுகிறார். எனக்கு மிகவும் பிடித்தது. அதனாலேயே சந்தேகம்.

போதகர் கபிரியேல் என்று எழுதுகிறார். எழுத்தறியாத அவள் அதைப் பார்த்துச் சிரிக்கிறாள். எழுதி முடித்ததும் எனக்குக் கை கூசியது.

போதகர் கட்டத்தை வெறுமையாக விட்டு… இதை முடிக்கவில்லை.

பதிவேடு இன்னும் கண்டியில் ஓர் அலுமாரியில் இருக்கிறதாம். மேபல் டீச்சர் போய்ப் பார்க்கவில்லை. “எழுதினாலும் எழுதாட்டியும் குடுத்தது அவதானே,” என்றார். நானும் போகவில்லை. போனால் எனக்குத் தெரிந்துவிடும், அப்புறம் முடிவு என்னுடையது மட்டும் ஆகிவிடும். பேனாவை நீங்கள் வாங்கிக்கொள்ளுங்கள்.

வாங்குமுன் ஒன்றைக் கேட்டுவிடுங்கள். பாப்பம்மா போதகர் உட்கார்ந்திருக்கும் கதிரையருகே வருகிறாள். பால் கறை போகாத விரலைச் சேலையில் துடைத்துவிட்டு, அந்தக் கட்டத்துக்குப் பக்கத்தில், தாளில் படாமல், காட்டுகிறாள்.

“இதுல என் பேரை எழுதுங்க ஐயா. எழுதிட்டு, எனக்கு ஒருக்கா வாசிச்சுக் காட்டுங்க.”