மேல காவி, கீழ பச்சை

1

இந்தக் கதை கோபத்தில் பிறந்தது. அதை முதலிலேயே ஒத்துக்கொள்கிறேன். கல்லலுக்கும் தேவகோட்டைக்கும் நடுவில் ஓர் ஊரில், செம்மலை என்ற சுவர் பெயின்டர், தேசியக் கொடியை அவமதித்த குற்றத்துக்காக இரண்டு வருஷமாகக் கோர்ட்டுக்கு அலைகிறார். நிரூபணமானால் மூன்று வருஷம் வரை உள்ளே போடலாம். அப்படி என்ன செய்தார்? கொடியை எரித்தாரா, மிதித்தாரா? வரைந்தார். அதுவும் சொன்னபடி வரைந்தார்.

நான் மரியப்பன், பள்ளிக்கூடத்தில் சரித்திர வாத்தியார். தொண்ணூற்றேழு ஆகஸ்டில் சுதந்திரப் பொன்விழாவுக்கு ஊரில் ஒரு கமிட்டி போட்டார்கள். அதற்குச் செயலாளரும் நானே. ஊர்ப் பெயரை எழுதப்போவதில்லை. எழுதினால் நாளைக்கு என் வாசலுக்கு ஆள் வரும்.

(கடைசி வாக்கியத்தை அடித்துவிட நினைத்தேன். பயந்தாங்கொள்ளி என்று காட்டிக்கொடுக்கிறது. கிடக்கட்டும்.)

2

மூன்று தொடக்கம் எழுதிக் கிழித்தேன்.

முதலாவது: "கொடி என்பது வெறும் துணியா? அது ஒரு தேசத்தின்..." இது நான் வருஷாவருஷம் பிள்ளைகளுக்குப் போடும் ரம்பம். வேண்டாம்.

இரண்டாவது: "செம்மலையின் கையில் தூரிகை நடுங்கியது." பொய். எல்லாக் கட்சிக் கொடியையும் நூல் பிடித்த மாதிரி போடுகிற கை அது. தூரிகை என்று அவர் ஒரு நாளும் சொன்னதில்லை, பிரஷ் என்பார்.

மூன்றாவது, கமிட்டித் தலைவர் குமரப்பனின் வீட்டில் தொடங்கியது. அதை வைத்துக்கொள்கிறேன். என் வயிற்றெரிச்சல் அங்கேதான் இருக்கிறது.

குமரப்பனின் தாத்தா ரங்கூனில் தொழில் பார்த்துவிட்டு வந்து கட்டிய வீடு. வாசலுக்கு மேலே சுதையில் ஒரு சின்னம். நடுவில் லட்சுமி. ஒரு பக்கம் சிங்கம், மறுபக்கம் நெற்றியில் ஒற்றைக் கொம்புள்ள குதிரை, உச்சியில் கிரீடம். இங்கிலாந்து ராஜாவின் முத்திரை அது. கேடயத்தை எடுத்துவிட்டு அந்த இடத்தில் லட்சுமியை உட்கார வைத்திருக்கிறார்கள். சிங்கம் இங்கிலாந்துக்கு, கொம்புக் குதிரை ஸ்காட்லாந்துக்கு. குதிரையின் உடம்பைச் சுற்றி ஒரு சங்கிலி. அடங்காத மிருகம், அதனால் கட்டிப் போட்டிருக்கிறது என்று பொருள் சொல்கிறார்கள். அந்தச் சங்கிலிக்கு நாம் பொங்கலுக்குப் பொங்கல் வெள்ளையடிக்கிறோம்.

பொன்விழாவுக்கு அந்தக் கிரீடத்துக்குத் தங்க பெயின்ட் அடித்ததும் செம்மலைதான். கமிட்டி சொல்லித்தான் அடித்தார். சுதந்திரம் வந்து ஐம்பது வருஷம் ஆனதைக் கொண்டாட, இங்கிலாந்து ராஜாவின் கிரீடத்துக்குத் தங்கம். அதற்கு யார் பேரிலும் கேஸ் இல்லை.

3

கேடயச் சின்னங்களில் ஒரு விதி உண்டு. வலது, இடது என்பதெல்லாம் பார்க்கிறவனின் கணக்கில் வராது. கேடயத்தைப் பிடித்துக்கொண்டு பின்னால் நிற்கிறவனின் கையை வைத்துச் சொல்வது. சிங்கம் வலப்பக்கம் என்றால், எதிரே நிற்கும் நமக்கு அது இடப்பக்கம் தெரிய வேண்டும். குமரப்பன் வீட்டிலோ நமக்கு வலப்பக்கம் நிற்கிறது. "சிங்கம் வலது" என்று யாரோ சொல்ல, கொத்தனார் தன் சோற்றுக்கையைப் பார்த்து வைத்துவிட்டார் என்பது என் ஊகம். எழுபது வருஷமாக ராஜமுத்திரை இடம் மாறி நிற்கிறது. அந்தக் கொத்தனாரை எந்த ஸ்டேஷனுக்கும் இழுத்துப் போகவில்லை.

[அடிக்குறிப்பு: எங்கள் பக்கத்தில் மேல என்றால் உயரமும்தான், மேற்கும்தான். கீழ என்றால் கிழக்கு. மேலத்தெரு என்ன மாடியிலா இருக்கிறது? மேற்கே மேடு, தண்ணீர் கிழக்கே இறங்குகிறது, சொல்லும் அதன்படி வந்தது. இதை அடிக்குறிப்பில் தள்ளியது தப்பு. கதையே இதுதான்.]

4

குமரப்பன் வீட்டுக்கு வடக்குப் பார்த்த காம்பவுண்டு சுவர் ஒன்று உண்டு. அறுபது அடி நீளம், நாலடி உயரம். அது முழுக்கக் கொடி வரைய வேண்டும் என்று கமிட்டி முடிவு செய்தது. செம்மலைக்குக் கொடுக்கப்பட்ட சீட்டில் இருந்தது இவ்வளவுதான்: "சுவர் முழுக்கக் கொடி. மேல காவி. நடுவுல வெள்ளை, சக்கரம், 24 ஆரம். கீழ பச்சை."

செம்மலை மேலக்கோடியில் இருபது அடிக்குக் காவி அடித்தார். நடுவில் இருபது அடி வெள்ளை. கீழக்கோடியில் இருபது அடி பச்சை. சக்கரத்தில் ஆரம் இருபத்துநாலும் சரியாக இருந்தது, நான் எண்ணிப் பார்த்தேன்.

பதினைந்தாம் தேதி காலையில் எதிரே நின்று பார்த்தால், இடதுகைப் பக்கம் பச்சை, வலதுகைப் பக்கம் காவி. சக்கரத்தை எடுத்துவிட்டால் அது அயர்லாந்துக் கொடி. அங்கே பச்சை கத்தோலிக்கருக்கு, ஆரஞ்சு பிராட்டஸ்டன்டுகாரர்களுக்கு, நடுவில் உள்ள வெள்ளை இரண்டு பேருக்கும் சமாதானத்துக்கு. வேறு நாளாக இருந்தால் கத்தோலிக்கனான நான் சிரித்திருப்பேன்.

குமரப்பன் சிரிக்கவில்லை. கொடியேற்ற வந்திருந்த பெரிய மனிதர் முகத்தைச் சுளித்துவிட்டுக் காரில் ஏறிப் போய்விட்டார். "நாம கேஸ் குடுக்கலையின்னா நம்ம மேலதான் கேஸ் வரும், வாங்க சார்" என்று குமரப்பன் என்னையும் ஸ்டேஷனுக்குக் கூட்டிப் போனார்.

5

இன்ஸ்பெக்டர் செம்மலையிடம் கேட்டார். "உன்னைய யாரு இப்படி வரையச் சொன்னது?"

"சீட்டுல இருந்துச்சுங்கய்யா."

"சீட்டு எங்க?"

"வேலை முடிஞ்சதும் இந்தச் சார்கிட்டயே குடுத்துட்டேன்."

இன்ஸ்பெக்டர் என் பக்கம் திரும்பினார். நான்

(இந்த வாக்கியம் இரண்டு வருஷமாக இங்கேயே நிற்கிறது.)

குமரப்பன் முந்திக்கொண்டார். "குடிச்சுப்புட்டு வரைஞ்சிருப்பான் சார். வாத்தியாருக்கு இதுல என்ன தெரியும்?" செம்மலை காப்பி குடித்தே நான் பார்த்ததில்லை. நான்

நான், "எனக்கு ஞாபகம் இல்லை" என்றேன்.

நாலாம் பகுதியில் "கொடுக்கப்பட்ட சீட்டு" என்று எழுதியிருக்கிறேன், திரும்பிப் பாருங்கள். யார் கொடுத்தது? தமிழ் இலக்கணம் கோழைகளுக்கு எவ்வளவு ஒத்தாசை செய்கிறது. நான் கொடுத்தேன். என் கையெழுத்து.

இன்னும் ஒன்று பாக்கி. வேலை தொடங்குமுன் செம்மலை என்னிடம் வந்து கேட்டார். "சார், மேலன்னா அங்குட்டு மேலக்கோடியா? கொடி படுக்கையாத்தான வரும்?" நான் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தேன். நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "எழுதியிருக்கிறபடி செய்யுங்க செம்மலை. வாத்தியாருக்கே பாடம் எடுக்காதீக" என்றேன்.

சிங்கத்தின் மேல், குதிரையின் மேல், குமரப்பன் மேல் இத்தனை ஆத்திரம் எங்கிருந்து வந்தது என்று இப்போது தெரிந்திருக்கும். சர்ச்சில் சாமியாரிடம் பாவங்களைச் சொல்லும் பாவசங்கீர்த்தனத்தில்கூட நான் இதைக் "கவனக்குறைவு" என்றுதான் சொன்னேன். அவர் பரிகாரமாக "அருள் நிறைந்த மரியே" ஜெபத்தை மூன்று தடவை சொல்லச் சொன்னார். சொல்லிவிட்டு வந்து நன்றாகத் தூங்கினேன். வெட்கங்கெட்ட தூக்கம்.

6

முடிவு ஒன்று: நீதிபதிக்கும் சொந்த ஊர் இந்தப் பக்கம். மேல, கீழ என்றதும் புரிந்து விடுதலை செய்கிறார். இது என்னைக் காப்பாற்ற நான் செய்த முடிவு.

முடிவு இரண்டு: குதிரையின் கொம்பு உடைந்து குமரப்பனின் தலையில் விழுகிறது. எழுதும்போது இனித்தது. ஆனால் நேற்றுப் போய்ப் பார்த்தேன், கொம்பு கெட்டியாகத்தான் இருக்கிறது.

பார்த்துவிட்டுத் திரும்பினால் என் வீட்டில் செம்மலையின் மனைவி வீரலட்சுமி காத்திருந்தார். வியாழக்கிழமை வாய்தா என்று ஞாபகப்படுத்த வந்தாராம். இதுவரை எழுதியதை அவருக்குப் படித்துக் காட்டினேன். சீட்டையும் காட்டினேன். பத்திரிகைக்காரர்கள் படமாகப் போடட்டும் என்று கதையின் கடைசித் தாளில் குண்டூசியால் குத்தி வைத்திருந்தேன்.

அவர் சீட்டை வெகுநேரம் பார்த்தார். "நல்லாத்தான் எழுதியிருக்கீக சார். அவுக இன்னமும், சார் மறந்திருப்பாக, ஞாபகம் வந்தா சொல்லிருவாகன்னுதான் சொல்லிக்கிட்டு இருக்காக." பிறகு கேட்டார். "இந்தக் கதையக் கோர்ட்டுல எடுத்துக்கிருவாகளா?"

"மாட்டாக."

"அப்ப இது யாருக்கு சார்?"

7

சீட்டு ஒன்றுதான் இருக்கிறது. பத்திரிகைக்குப் போனால் கோர்ட்டுக்கு இல்லை. குண்டூசியைக் கழற்றிவிட்டேன். சீட்டு இப்போது என் சட்டைப்பையில் இருக்கிறது.

வியாழக்கிழமை பத்தரை மணி. போனேனா என்று இங்கே எழுதமாட்டேன். எழுதிவிட்டால் போய்விட்டு வந்த மாதிரி எனக்கே தோன்றிவிடும், என் புத்தி எனக்குத் தெரியும். கோர்ட்டில் பெயரை மூன்று தடவை கூப்பிடுவார்கள். வாசலில் வந்து நின்று பாருங்கள். செம்மலை எழுந்து போகும்போது பின்னாலேயே ஒரு வாத்தியாரும் எழுந்து போகாவிட்டால், இந்தக் கதையில் ஒரு வரியையும் நம்பாதீர்கள்.